ஊமைப்படத்திலிருந்து டாக்கிக்கு: டி. பி. ராஜலட்சுமியின் குரல்



மொழி குறித்து உரையாற்ற வேண்டும் என்று மன்றத்தார் அழைத்தனர். ஊமைப்பட நடிகை ஒருவரைப் பற்றிப் பேசப்போகிறேன் என்று சொன்னேன். தொலைபேசியின் மறுமுனையில் சிறிது நேரம் பேச்சே எழவில்லை. வேற்றுமை உருபுகளையும் ஒலியன்களையும் கட்டிக்கொண்டு அழுத கிழவருக்கு இந்த வயதில் சினிமா ஆசை வந்துவிட்டதோ என்று அவர்கள் எண்ணியிருக்கலாம். அப்படியில்லை என்பதை இந்த ஒரு மணி நேரத்துக்குள் மெய்ப்பிக்க முயல்கிறேன்.

என் பாட்டியிலிருந்து தொடங்குகிறேன். நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் பினாங்கில் இறங்கியபோது அவருக்குப் பன்னிரண்டோ பதின்மூன்றோ வயது. கிள்ளானுக்கும் காப்பாருக்கும் இடையே ஒரு ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்டியே முதுமையடைந்தவர். எழுத்தறியாதவர். 1970களில் எங்கள் வீட்டில் ஒரு கறுப்பு வெள்ளைத் தொலைக்காட்சிப் பெட்டி இருந்தது. சில நேரங்களில் அதில் படம் தெரியும். ஒலி மட்டும் நின்றுவிடும். அப்பா எழுந்து போய்ப் பெட்டியின் தலையில் தட்டுவார். பாட்டியோ தம் இடத்தைவிட்டு அசையாமல், "போச்சு போ, ஊமப்படமாப் போச்சு" என்பார்.

அன்று அது எனக்கு வெறும் பாட்டி பேச்சு. பின்னாளில் மொழியியல் கற்றபோதுதான் அச்சொல்லின் வியப்பு புலப்பட்டது. படங்களுக்குப் பேச்சு இல்லாதிருந்த காலத்தில் எவரும் அவற்றை ஊமைப்படம் என்று அழைத்திருக்கத் தேவையில்லை. பயாஸ்கோப் என்றனர், சலனப்படம் என்றனர். 1931இல் பேசும்படம் வந்தது. அதன்பின்னரே முன்னிருந்தவை ஊமையாயின. புதியது ஒன்று தோன்றியதால் பழையது புதுப்பெயர் பெறும் இந்த வழக்கு தமிழுக்குப் புதிதன்று. எண்ணெய் என்ற சொல்லைப் பாருங்கள். எள்ளின் நெய்தான் எண்ணெய். நாளடைவில் தேங்காய் எண்ணெய், வேப்பெண்ணெய், மண்ணெண்ணெய் என எல்லாம் எண்ணெய் ஆனபின், எள்ளின் நெய்க்கு நல்லெண்ணெய் என்று தனிப்பெயர் வைக்க வேண்டியதாயிற்று. ஊமைப்படமும் அத்தகைய சொல்லே.

இன்னொன்றையும் கவனியுங்கள். தமிழில் மௌனப்படம் என்றும் சொல்வதுண்டு. மௌனம், பேச வல்லவர் பேசாதிருப்பது. ஊமை, பேச இயலாமை. ஆங்கிலம் முதல் வகைச் சொல்லைத் தேர்ந்தது. ஜெர்மன் மொழியும் டேனிஷ் மொழியும் ஊமை என்றே பெயரிட்டன. நம் நாட்டு மலாய்மொழியும் ஃபிலெம் பீசு என்கிறது. பீசு என்றால் ஊமைதான். இவற்றுள் எது பொருத்தம் என்னும் கேள்வியை மனத்தில் வைத்துக்கொண்டு இரண்டு பெண்களின் கதையைக் கேளுங்கள். ஒருவர் கதையைச் சுருக்கமாகச் சொல்வேன். அவர் நம்மவர் அல்லர். ஆயினும் ஒப்பிட்டு நோக்க அவர் வேண்டும்.

ஆஸ்டா நீல்சன் 1881இல் டென்மார்க்கின் தலைநகர் கோபன்ஹேகனில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். சிறு வயதிலேயே தந்தையை இழந்தவர். நாடக மேடையில் பெரிய பெயர் பெறாமல் இருந்தவரை, ஊர்பான் காட் இயக்கிய ஒரு படம் 1910இல் ஒரே வீச்சில் ஐரோப்பாவெங்கும் அறியச் செய்தது. பாதாளம் என்று பொருள்படும் பெயருடைய அந்தப் படம் ஏறத்தாழ ஒரு வாரத்தில் எடுத்து முடிக்கப்பட்டது. மேடைக்கு உரிய பெரிய கையசைவுகளை அவர் விட்டொழித்தார். கண்ணிமையின் அசைவும் தோளின் சரிவும் போதும் என்று காட்டினார். அடுத்த ஆண்டே ஜெர்மனிக்கு அழைக்கப்பட்டார். எழுபதுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார்.

டேனிஷ் மொழி பேசும் பெண் ஜெர்மனியின் முதன்மை நட்சத்திரமாக விளங்கியது எவ்வாறு? விடை எளிது. படம் பேசவில்லை. காட்சிகளுக்கிடையே வரும் எழுத்து அட்டையை மாற்றினால் போதும். அதே முகம் பெர்லினிலும் பாரிசிலும் புவனோஸ் ஐரிசிலும் தாய்மொழி பேசியது. 1921இல் வெளிவந்த ஹாம்லெட் படத்தைத் தம் சொந்த நிறுவனத்தின் வாயிலாக எடுத்து, ஹாம்லெட்டாகவே நடித்தார். ஆணாக வளர்க்கப்பட்ட பெண்ணே ஹாம்லெட் என்பது அப்படத்தின் கற்பனை. ஷேக்ஸ்பியர் நாடகத்திலிருந்து சொல்லை எடுத்துவிட்டால் எஞ்சுவது என்ன என்று கேட்கலாம். அவர் முகம் எஞ்சியது. 1932இல் ஒரே ஒரு பேசும்படத்தில் நடித்தார். அத்தோடு அவர் திரைவாழ்க்கை முடிவுற்றது. அவருக்கு அப்போது ஐம்பது வயது கடந்துவிட்டது. ஆகவே பழியை முழுவதும் ஒலிவாங்கியின்மேல் போடுவது முறையன்று. 1930களின் நடுவில் ஜெர்மனியை விட்டுத் தாய்நாடு திரும்பினார். தம் வாழ்க்கை வரலாற்றை எழுதினார். 1972 வரை வாழ்ந்தார்.

பேச்சு வந்தபோது அங்கே ஒரு கதவு அடைபட்டது. அதே ஓராண்டு, ஈராண்டுக்குள் தஞ்சை மண்ணில் பிறந்த ஒரு பெண்ணுக்கு அதே பேச்சு கதவைத் திறந்தது. திருவையாறு பஞ்சாபகேசன் ராஜலட்சுமி என்பதன் சுருக்கமே டி. பி. ராஜலட்சுமி. 1911 நவம்பர் 11இல் சாலியமங்கலத்தில் பிறந்தார். தந்தை ஊர்க் கணக்குப்பிள்ளை. எட்டு வயதை எட்டுமுன்பே திருமணம் முடித்துவைக்கப்பட்டது. அந்த மணவாழ்க்கை நிலைக்கவில்லை. தந்தையும் காலமானார். தாயும் மகளும் பிழைப்புத் தேடித் திருச்சி சேர்ந்தனர். பதினோரு வயதுப் பெண்ணுக்கு நல்ல குரல் இருந்தது, வேறொன்றும் இல்லை. சி. எஸ். சாமண்ணா ஐயரின் நாடகக் குழுவில் சேர்ந்தார்.

இதை எளிதாகச் சொல்லிவிட்டேன். அக்காலத்தில் அது எளிதன்று. ஆடுபவன் கூத்தன், ஆடுபவள் கூத்தி. முன்னது இறைவனுக்கே பெயராயிற்று. தில்லைக் கூத்தன் என்று வணங்குகிறோம். பின்னது வசைச்சொல் ஆயிற்று. வகுப்பறையில் அதன் வழக்குப் பொருளைச் சொல்ல ஆசிரியர் கூசுவர். ஒரே வேர், ஒரே தொழில், விகுதி மட்டும் வேறு. பெண் மேடையேறுவதைச் சமூகம் எவ்வாறு நோக்கிற்று என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்றை எந்த வரலாற்று நூலிலும் தேட வேண்டியதில்லை, அகராதியே போதும். நாடகக் குழுக்களில் பெண் வேடத்தைப் பெரும்பாலும் சிறுவர்களே கட்டினர். அதற்கு ஸ்திரீபார்ட் என்று பெயர். வடமொழியும் ஆங்கிலமும் கைகோத்த அச்சொல்லைத் தமிழன் தன் சொல்லாகவே வழங்கினான். இத்தகைய உலகில்தான், கணவன் வீட்டிலிருந்து திரும்பிய ஓர் அந்தணச் சிறுமி அரிதாரம் பூசினாள்.

ஒலிபெருக்கி இல்லாத மேடை அது. ஐந்து கட்டைச் சுருதியில் பாடினால்தான் கொட்டகையின் கடைசி வரிசையில் மணலில் அமர்ந்திருப்பவருக்குக் கேட்கும். பாட்டில் சொல் சிதையக்கூடாது. சிதைந்தால் கதை புரியாது. நாடகம் தொடங்கி முடிவதற்குள் விடிந்துவிடும். தமிழ் ஒலிப்பை இத்துணை கடுமையாகப் பயிற்றுவித்த பள்ளி வேறு இருந்ததாக நான் கருதவில்லை. நாம் மாணவர்களுக்கு ழகர, ளகர வேறுபாட்டைக் கரும்பலகையில் கற்பிக்கிறோம். அவர்கள் அதை இரவெல்லாம் கண்விழித்து, மக்கள் கூச்சலுக்கு நடுவே கற்றனர்.

இப்படிப் பழுத்த குரலை வைத்துக்கொண்டு ராஜலட்சுமி முதலில் நுழைந்தது, குரலே தேவைப்படாத சலனப்படத்தில்! 1929இல் வந்த கோவலன், தொடர்ந்து உஷா சுந்தரி, ராஜேஸ்வரி ஆகிய ஊமைப்படங்களில் நடித்தார். கோவலன் கதையின் உச்சம் எது என்று எந்த மாணவரைக் கேட்டாலும் சொல்வார்: கண்ணகி பாண்டியன் அவையில் வழக்குரைப்பது. சிலப்பதிகாரத்தில் அக்காதைக்கே வழக்குரை காதை என்றுதான் பெயர். உரைப்பதே உயிரான கதையை உரையில்லாமல் எடுத்தார்கள். அட்டையில் எழுத்து வரும். படிக்கத் தெரிந்தவர் படிப்பார். தெரியாதவர்க்காகக் கொட்டகையில் ஒருவர் உரக்கச் சொல்லுவார். ஊமை என்கிறோமே தவிர, அந்தக் கொட்டகைகளில் அமைதி இருந்ததே இல்லை. ஆர்மோனியம், தபலா, கதை சொல்பவர் குரல், பார்ப்போரின் கூவல் எல்லாம் இருந்தன.

அந்த அட்டைகளைப் பற்றியும் ஒரு சொல். தென்னாட்டின் முதல் கதைப்படமான கீசக வதத்தை 1910களின் பிற்பகுதியில் ஆர். நடராஜ முதலியார் எடுத்தபோது, தமிழ், ஆங்கில அட்டைகளைப் பச்சையப்பன் கல்லூரியைச் சேர்ந்த குருசாமி முதலியாரும் திருவேங்கட முதலியாரும் எழுதித் தந்தனர். இந்தி அட்டைகளை எழுதியவர் காந்தியடிகளின் மகன் தேவதாஸ் காந்தி. தமிழ்த் திரைக்கு முதலில் சொல் எழுதியவர்கள் நம்மைப் போன்ற ஆசிரியர்கள் என்பது எனக்குச் சற்றுப் பெருமையாகவே இருக்கிறது.

படம் பேசாததால் ஒரு வசதி இருந்தது. தமிழ்க் குடும்பங்கள் தம் பெண்களை நடிக்க அனுப்ப மறுத்தபோது, ஆங்கிலோ இந்தியப் பெண்களைச் சேலையுடுத்தி நடிக்க வைத்தனர். மரியன் ஹில் என்பவர் விலோசனா ஆனார். பம்பாயில் ரூபி மையர்ஸ் என்னும் யூதப் பெண் சுலோசனாவாகி, 1920களின் மிகப் பெரிய நட்சத்திரமானார். தொலைபேசி நிலையத்தில் பணியாற்றியவர் அவர். பெயர் மட்டும் இந்தியப் பெயர். வாயைத் திறக்க வேண்டிய தேவையில்லை. பேசும்படம் வந்ததும் அவருடைய இந்துஸ்தானி போதவில்லை. ஓராண்டு ஒதுங்கியிருந்து மொழி கற்றுத் திரும்பிவந்தார். அவரை நான் மதிக்கிறேன். வளர்ந்தபின் மொழி கற்பது எவ்வளவு கடினம் என்பது உங்களுக்கும் தெரியும். ஆனால் பலருக்கு அந்த வாய்ப்பும் இல்லை. ஒலிவாங்கி எல்லாரையும் ஒரே கேள்வி கேட்டது: உன் மொழி எது?

ராஜலட்சுமிக்கு அந்தக் கேள்வி எளிதாயிருந்தது. 1931 மார்ச்சில் ஆலம் ஆரா வெளிவந்து நாட்டையே அதிரவைத்தது. அதை எடுத்த அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் நிறுவனம் தென்னாட்டு மொழியிலும் ஒரு படம் எடுக்க முடிவு செய்தது. எச். எம். ரெட்டி இயக்கினார். பம்பாயில், ஆலம் ஆராவுக்காக எழுப்பிய அரங்குகளிலேயே காளிதாஸ் படமாயிற்று. இளவரசி வித்யாதரியாக ராஜலட்சுமி நடித்தார். 1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் படம் திரையிடப்பட்டது. இருபது வயதே நிரம்பாத அப்பெண்தான் தமிழ்த் திரையில் தமிழ் பேசிய முதல் கதாநாயகி.

இனி மொழியியலாளனை மகிழ்விக்கும் செய்திக்கு வருகிறேன். காளிதாஸ் படத்தில் கதாநாயகி தமிழில் பேசினார். கதாநாயகன் பி. ஜி. வெங்கடேசனுக்குத் தமிழ் சரளமாக வராது. ஆகவே அவர் தெலுங்கில் பேசினார். பின்னாளில் பெரும் இயக்குநராக உயர்ந்த எல். வி. பிரசாத் இந்தியில் பேசினார். இளவரசி தமிழில் கேட்பாள். கணவன் தெலுங்கில் விடை சொல்வான். போதாக்குறைக்குத் தியாகராசரின் தெலுங்குக் கீர்த்தனங்களையும் ராஜலட்சுமி பாடினார். மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதிய தேசியப் பாடல்களும் இருந்தன. காந்தியின் இராட்டையைப் போற்றும் பாட்டுக்கும் காளிதாசனுக்கும் என்ன தொடர்பு என்று எவரும் கேட்கவில்லை.

இன்றைய விமரிசகர்கள் இதைச் சிரித்துக் கடந்துவிடுவர். நான் சிரிக்க மாட்டேன். இந்தக் கட்டடத்தை விட்டு வெளியே இறங்கி ஜாலான் துன் சம்பந்தனில் பத்து நிமிடம் நடந்து பாருங்கள். பூ விற்கும் அம்மா தமிழில் விலை சொல்கிறார். வாங்குபவர் மலாயில் பேரம் பேசுகிறார். பக்கத்துக் கடையின் சீனர் இருவரையும் புரிந்துகொண்டு ஆங்கிலத்தில் கேலி செய்கிறார். ஒருவர் ஒரு மொழியில் பேச, மற்றவர் இன்னொரு மொழியில் மறுமொழி தருவது நமக்கு அன்றாட வழக்கம். 1931இன் சென்னையும் பன்மொழி நகரமே. காளிதாஸ் படத்தைப் பார்த்துத் திகைக்காமல் இருக்கத் தகுதி வாய்ந்தவர்கள் உலகில் எவரேனும் உண்டு என்றால் அது மலேசியத் தமிழராகத்தான் இருக்கும்.

படத்தின் கதையையும் நினைத்துப் பாருங்கள். கல்வியறிவற்ற ஆடு மாடு மேய்ப்பவனைச் சூழ்ச்சியால் ஓர் இளவரசிக்கு மணம் முடிக்கிறார்கள். உண்மை அறிந்த இளவரசி வருந்துகிறாள். காளியின் அருளால் அவனுக்குச் சொல் வாய்க்கிறது, மகாகவி ஆகிறான். சொல்லற்றவன் சொல் பெறும் கதையைத் தேர்ந்து முதல் பேசும்படமாக எடுத்தவர்கள் இதைத் திட்டமிட்டுச் செய்தார்களா? மேடையில் ஏற்கெனவே புகழ்பெற்ற கதை என்பதாலேயே தேர்ந்திருப்பார்கள் என்று எண்ணுகிறேன். இருந்தாலும் பொருத்தம் அழகாக அமைந்துவிட்டது.

அதன்பின் ராஜலட்சுமி சில ஆண்டுகள் ஓய்வறியாமல் நடித்தார். சாமிக்கண்ணு வின்சென்ட் தயாரித்த வள்ளி திருமணம் 1933இல் பெருவெற்றி பெற்றது. திருச்சியில் இரயில்வே வரைவாளராயிருந்து, 1905இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியை விலைக்கு வாங்கிக் கூடாரத்தோடு ஊர் ஊராகச் சென்றவர் வின்சென்ட். ஊமைப்படத்தை ஊருக்கு ஊர் காட்டியவரே பேசும் வள்ளியையும் தந்தார். அந்தப் படத்தில் நாரதராக நடித்த டி. வி. சுந்தரத்தை ராஜலட்சுமி மணந்தார். குழந்தை மணத்தால் வாழ்விழந்தவர் தாமே தேர்ந்து செய்துகொண்ட மணம் அது. பெண்ணுக்குப் பதினான்கு வயதாவது நிரம்ப வேண்டும் என்ற சாரதா சட்டம் நிறைவேறியது 1929இல், அவர் முதல் ஊமைப்படத்தில் நடித்த அதே ஆண்டில். அவருக்கு அது பத்தாண்டு பிந்தி வந்தது.

1936இல் மிஸ் கமலா. எழுதியவர், தயாரித்தவர், இயக்கியவர், நடித்தவர் எல்லாம் ராஜலட்சுமியே. கமலவல்லி என்னும் தம் புதினத்தையே படமாக்கினார். பம்பாயில் பாத்மா பேகம் 1926இல் படம் இயக்கியிருந்தார். தென்னாட்டில் படம் இயக்கிய முதல் பெண் ராஜலட்சுமி. விருப்பமில்லாத திருமணத்தில் தள்ளப்பட்ட பெண்ணின் கதை அது. புராணமே படமாகிக்கொண்டிருந்த காலத்தில் தம் வயதுப் பெண்ணின் துன்பத்தைத் திரைக்குக் கொண்டுவந்தார்.

தலைப்பிலுள்ள மிஸ் என்னும் சொல்லில் சற்று நிற்க விரும்புகிறேன். தூய தமிழன்பர்கள் முகம் சுளிக்கலாம். அன்று பெண்ணின் பெயருக்கு முன் வழங்கியவை ஸ்ரீமதி, குமாரி போன்றவை. இரண்டும் வடமொழி, இரண்டும் வீட்டுக்குள் இருக்கும் பெண்ணைக் குறிப்பவை. மிஸ் என்றதும் படித்த பெண், வெளியே நடமாடும் பெண் என்னும் சாயல் வந்துவிடுகிறது. நம் பள்ளிகளில் மாணவர்கள் ஆசிரியையை இன்றும் மிஸ் என்றுதானே அழைக்கிறார்கள்? அவர் மணமானவரா என்று எந்த மாணவனும் கருதுவதில்லை. கடன்சொல் சில நேரங்களில் தாய்மொழியில் இடம் கிடைக்காத ஒருவருக்கு நாற்காலி போட்டுத் தருகிறது. செல்வி என்ற அழகிய தமிழ்ச்சொல் பின்னர் வந்து அந்த நாற்காலியில் அமர்ந்தது, நல்லதே. ஆனால் ராஜலட்சுமி படம் எடுத்தபோது அவருக்குத் தேவைப்பட்டது கிடைத்த சொல், அதை எடுத்துக்கொண்டார்.

அவருடைய புகழ் நெடுநாள் நீடிக்கவில்லை. காரணங்களில் ஒன்று மொழி சார்ந்தது என்பது என் கருத்து. மேடையிலிருந்து வந்த நாதா, சுவாமி என்னும் பேச்சும், ஐம்பது அறுபது பாட்டும் கொண்ட படங்கள் 1930களின் இறுதியில் பழையனவாயின. 1937இல் அம்பிகாபதிக்கு இளங்கோவன் எழுதிய உரையாடல் இலக்கிய நடையை உரைநடையாகத் திரையில் ஒலிக்கச் செய்தது. அப்படத்தை இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கனுக்குத் தமிழே தெரியாது என்பது வேறு கதை; அமெரிக்கர். 1938இல் ஏவி. மெய்யப்பரின் நந்தகுமாரில் ராஜலட்சுமி யசோதையாக நடித்தார். அதே படத்தில் வேறொரு நடிகைக்கு லலிதா வெங்கட்ராமன் பின்னணியில் குரல் கொடுத்தார். நடிப்பவர் ஒருவர், பாடுபவர் வேறொருவர் என்னும் ஏற்பாடு அங்கே தொடங்கிற்று. ஐந்து கட்டையில் பாடிப் பழகிய தொண்டையின் தேவை மெல்ல மெல்லக் குறைந்தது. அவருக்கு அப்போது இருபத்தேழு வயது. பின்னர் அவ்வப்போது நடித்தார். சேர்த்த செல்வத்தில் பெரும்பகுதி கரைந்தது. 1964இல் காலமானார்.

அதே 1964இல் புனேயில் இந்தியாவின் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கப்பட்டது. காளிதாசுக்கு அது காலம் கடந்த வருகை. அப்படத்தின் ஒரு படச்சுருள்கூட இன்று இல்லை. அதன் பாடல்கள் கொண்ட இசைத்தட்டும் இல்லை. சில நிழற்படங்களும் பாட்டுப் புத்தகமுமே மிஞ்சின. அக்காலப் படச்சுருள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் வகை. வெப்பமும் ஈரமும் அதை அழிக்கும். அவை அழிக்காததை மனிதர் அழித்தனர். சுருளில் உள்ள வெள்ளிக்காகப் பழைய படங்களை உருக்கினர். மிஸ் கமலாவும் இல்லை. திருவிதாங்கூரில் 1933இல் எடுத்த மார்த்தாண்ட வர்மா என்னும் ஊமைப்படம் மட்டும் பிழைத்தது. எப்படி என்றால், புதினத்தின் பதிப்புரிமை பற்றி வழக்கு மூண்டு, படச்சுருள் புத்தக நிறுவனத்தின் கைவசம் போய், 1974இல் காப்பகத்தார் மீட்கும்வரை அங்கேயே கிடந்ததால். வழக்கு ஒரு படத்தைக் காத்தது. வெற்றி பல படங்களைத் தேய்த்தே தீர்த்தது.

ஆக, தொடக்கத்தில் கேட்ட கேள்விக்கு வருகிறேன். ஊமைப்பட நடிகையான ஆஸ்டா நீல்சனின் முகத்தை இன்று நீங்கள் விரும்பினால் பார்க்கலாம், ஹாம்லெட் கிடைக்கிறது. அவர் பேசிய ஒரே படத்தில் அவர் குரலையும் கேட்கலாம். தமிழ்த் திரையில் முதலில் பேசிய ராஜலட்சுமி அன்று பேசிய சொல் ஒன்றையேனும் நாம் கேட்க முடியாது. தஞ்சை வட்டாரத்தில் பிறந்து, திருச்சி மேடையில் பயின்று, பம்பாய் ஒலிவாங்கியின் முன் நின்ற இருபது வயதுப் பெண், 1931இல் றகரத்தை எப்படி ஒலித்தாள்? சொல்லிறுதி உகரத்தை முழுதாகச் சொன்னாளா, குறுக்கினாளா? மேடைத் தமிழுக்கும் வீட்டுத் தமிழுக்கும் நடுவே எங்கே நின்றாள்? பாட்டுப் புத்தகத்தில் எழுத்து இருக்கிறது, ஒலி இல்லை. ஐயாயிரம் ஆண்டுக்கு முந்தைய ஒலிகளை மீட்டுருவாக்கம் செய்கிறோம் என்று மார்தட்டும் என் துறைக்கு, என் பாட்டி வயதுப் பெண்ணின் ஒரு வாக்கியம் கைக்கு எட்டவில்லை. மௌனமா, ஊமையா? நாம் ஊமையாக்கினோம்.

பிறரைக் குறை சொல்லி நிறுத்திக்கொள்ள எனக்கு உரிமை இல்லை. முனைவர் பட்டத்திற்காக 1980களில் கிள்ளான், காப்பார், பந்திங் வட்டாரத் தோட்டங்களில் லயம் லயமாகச் சென்று முதியவர்களின் பேச்சை ஒலிநாடாவில் பதிந்தேன். நாற்பத்தேழு நாடாக்கள். ஆய்வேட்டுக்குத் தேவையான எடுத்துக்காட்டுகளை எழுதிக்கொண்டபின், நாடாக்களை ஒரு நிறுவனத்தின் சேமிப்பறையில் ஒப்படைத்தேன். பத்திரமாக இருக்கும் என்றார்கள், நம்பினேன். இருபது ஆண்டுகள் கழித்துக் கேட்டபோது ஓர் அட்டைப்பெட்டியைக் கொண்டுவந்து வைத்தார்கள். கூரை ஒழுகியிருக்கிறது. பெட்டிக்குள் நாடாக்கள் பூஞ்சணம் பிடித்து ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தன. அவர்கள்மேல் எனக்குச் சினம் வந்தது. பிறகு, இருபது ஆண்டுகளில் ஒருமுறைகூட நான் போய்ப் பார்க்கவில்லையே என்பது நினைவுக்கு வந்தது. பேசியவர்களில் எவரும் அப்போது உயிரோடு இல்லை. அந்தத் தோட்டங்களில் சில இன்று வீடமைப்புப் பகுதிகள்.

ஆறு நாடாக்கள் பிழைத்தன. அவற்றை எண்மக் கோப்பாக மாற்றி மூன்று இடங்களில் வைத்திருக்கிறேன். ஆசிரியர்கள் விரும்பினால் படி எடுத்துத் தருகிறேன். மாணவர்களே, உங்கள் கைப்பேசி என் அன்றைய கருவியைவிடப் பல மடங்கு சிறந்தது. வீட்டில் எண்பது வயதைக் கடந்தவர் இருந்தால் இந்த வாரமே அவருக்கு எதிரில் அமருங்கள். சிறுவயதில் பார்த்த படத்தைப் பற்றிக் கேளுங்கள். படம் என்று பேச்செடுத்தால் பேசாத முதியவரும் பேசுவார். இது என் களப்பணி அனுபவம்.

அந்த ஆறில் ஒன்று என் பாட்டியின் நாடா. அதில் நான் கேட்கிறேன், முதன்முதலில் பார்த்த படம் எது என்று. படத்தின் பெயரை அவர் சொல்லவில்லை. திடலில் வெள்ளைத் துணி கட்டியது, துணியின் பின்பக்கம் உட்கார்ந்து பார்த்தவர்களுக்கு எல்லாரும் இடக்கையர்களாகத் தெரிந்தது, நடுவில் மழை வந்தது, எல்லாவற்றையும் சொல்கிறார். பாட்டைப் பாடிக் காட்டச் சொல்கிறேன். நாடா ஓடுகிறது, சில நொடிகள் ஒன்றுமே இல்லை, பக்கத்தில் கோழி கொக்கரிக்கும் சத்தம் மட்டும். பிறகு பாட்டியின் குரல், கருவிக்கு மிக அருகில் குனிந்து:

"தம்பி, நான் பேசறது இதுக்குள்ள கேக்குதா?"